ரப்பர் மூடி

குளியலறைத் தாழ்ப்பாளைப் போட்டு, குழாயையும் சத்தமாகத் திறந்துவிட்டு, பல் செட் செய்யும் தொழிலாளியான அவர், மனைவியின் பனிக்கோடாலிக் காம்பின் இரும்பு அடிமுனையை அரத்தால் தேய்த்துக்கொண்டிருந்தார்.

"என்னங்க, உள்ளே இவ்வளவு நேரம்? நான் கிளம்ப வேண்டாமா?" மனைவி கதவைத் தட்டினாள்.

"வயிறு சரியில்லம்மா! இதோ வந்துட்டேன்!"

முனையில் கட்டைவிரலை அழுத்திப் பார்த்தார். குத்தவில்லை. அப்பாடா!

மலையேறுவது அவள். வீட்டில் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பது இவர். போன தடவை சறுக்கி விழுந்து தோளெலும்பை உடைத்துக்கொண்டு வந்தாள். கெஞ்சிப் பார்த்தார், சண்டை போட்டும் பார்த்தார். "சும்மா இருங்க" என்று சிரித்துவிட்டாள்.

ஆனால் முனையைத் தடவிப் பார்க்காமல் அவள் பனியில் கால் வைக்க மாட்டாள். மழுங்கிய முனை உறைபனியில் ஊன்றாது, வழுக்கிவிடும். முன்பு கோடாலியில் ஒரு திருகு ஆடியதற்கே பாதியில் திரும்பியவள், இன்றும் திரும்புவாள். வந்து திட்டுவாள், திட்டட்டுமே.

முனைக்கு ரப்பர் மூடியை மாட்டி, கோடாலியை வாசலில் அவள் மூட்டையோடு வைத்தார். அங்கே சின்ன மகள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு நின்றாள். "என் கோடாலி ரிப்பேர்ல இருந்தா நான் வீட்டுலயே கிடக்கணுமா?"

"வீட்டுக்கு ஒரு பைத்தியம் போதும்" என்று சொல்லிவிட்டு வேலைக்குப் போனார்.

வேலை எங்கே ஓடியது? ஒருவேளை இன்றைக்கு மட்டும் பார்க்காமல் ஏறிவிட்டால்? மேல்வரிசைப் பல்லைக் கீழ்வரிசையில் பதித்து முதலாளியிடம் வாங்கிக் கட்டிக்கொண்டு, மத்தியானமே வீட்டுக்கு ஓடிவந்தார்.

கதவைத் திறந்தது மனைவி.

"திரும்பி வந்துட்டியா!" அவர் அவள் கையைப் பிடித்துக்கொண்டார்.

"நான் போகவே இல்லைங்க. காலையில உங்க மூஞ்சியைப் பார்த்தேன், மனசு கேக்கல. இனிமே எனக்கு மலையே வேண்டாம்."

அழுகையே வந்துவிட்டது அவருக்கு. கண்ணைத் துடைத்தபோதுதான் வாசல் மூலை காலியாக இருப்பது தெரிந்தது. "கோடாலி எங்கே?"

"சின்னவ எனக்குப் பதிலா எடுத்துட்டுப் போயிருக்கா. இந்நேரம் பனிச்சரிவுல ஏறிக்கிட்டிருப்பா."

"மு... முனையைப் பார்த்தாளா?"

மனைவி சிரித்தாள்.

"அம்மா கோடாலியைப் போய் யாராவது செக் பண்ணுவாங்களான்னு கேட்டுட்டுப் போனா!"