மறுப்புப் பதிவு

மாதம் பிறந்தால், என்னைக் காலி செய்ய வைக்கப் பார்க்கும் வீட்டுக்காரர் தணிகாசலத்திடம் வாடகையை நீட்ட வேண்டும். அவர் வேண்டாம் என்று சொல்வது அவர் குரலிலேயே போனில் பதிவான பிறகுதான் நீதிமன்றம் அந்தப் பணத்தை வாங்கிக்கொள்ளும். ஐந்தாம் தேதி மாலைக்குள் பதிவாகாவிட்டால் என் வீட்டுக் கதவின் மின்பூட்டு எனக்குத் திறக்காது.

"ஒரு மாதம் வாயைத் திறக்காமல் இருங்கள், அவன் காலி" என்று தணிகாசலத்திடம் அவர் வக்கீல் பதினொரு வருடமாகச் சொல்கிறார். என் முகத்தைப் பார்த்தால் தணிகாசலத்தால் வாயை அடக்க முடியாது.

போன வாரம் பக்கவாதம் வந்து அவருக்குப் பேச்சு போய்விட்டது. இன்று ஐந்தாம் தேதி. மருத்துவமனைக்குப் போனேன்.

"எம்பேரக்கூட சொல்ல மாட்டேங்கிறாருண்ணே" என்றாள் அவர் மகள் குமுதா.

கட்டிலருகே நின்று போனை நீட்டினேன்.

"சார், இந்த மாச வாடகை."

அவர் கண் சிவந்தது. கோணிய வாய் இழுத்துக்கொண்டு திறந்தது.

"வே... வேணாம். காலி பண்றா, நாயே!"

பதிவாகிவிட்டது. போன் அதிர்ந்தது. குமுதா அழுதுகொண்டே என் கையைப் பிடித்தாள்.

"நாளைக்கும் வாங்கண்ணே."

"அடுத்த வாடகை அடுத்த மாசந்தாம்மா" என்றேன்.