ஜெனிஷாவின் நெஞ்சுத் துடிப்பு

இளையோர் பெண்கள் கால்பந்து உலகக் கோப்பை இறுதி ஆட்டத்தில் கடைசிப் பெனால்டியை அடிக்க எங்கள் கடற்கரை ஊர் ஜெனிஷா வந்து நின்றாள். பந்து உள்ளே போனால் கோப்பை நமக்கு.

வீராங்கனையின் நெஞ்சுத் துடிப்பை வீட்டிலிருப்பவர் அப்படியே உணரும்படி, அணியில் உள்ள ஒவ்வொருவரின் குடும்பத்துக்கும் ஒரு சட்டை கொடுத்திருந்தார்கள். அதைப் போட்டுக்கொண்டு அவள் அப்பா வர்க்கீஸ் வீட்டில் டிவி முன்னால் இருந்தார். அவருக்குக் கைகால் உதறியது.

“கழத்தும் அதை! உம்ம நடுக்கம் பிள்ளைக்குப் போயிரும்,” என்று மனைவி புஷ்பம் அதட்டினாள்.

“அங்கேருந்து இங்க மட்டுந்தான் வரும், ஏட்டி.”

“எதுக்கு வம்பு? இங்க தாரும்.”

வாங்கிச் சேலைக்கு மேலேயே மாட்டிக்கொண்டாள். வாசலில் தெருவே மூச்சைப் பிடித்து நின்றது. புஷ்பத்தின் முகம் மாறியது.

“என்ன, பயந்துட்டாளா?” என்று வர்க்கீஸ் கேட்டார்.

“பயமா? கரைக்கு வந்து கஞ்சி குடிக்கிற ஆளு மாதிரி சாவகாசமா இருக்கா. போட்டுட்டா! வெடியைக் கொளுத்துங்க மக்கா!”

கொளுத்திவிட்டார்கள். திரையில் ஜெனிஷா அப்போதுதான் ஓடத் தொடங்கியிருந்தாள். சரவெடி பாதி வெடிக்கையில் பந்து கோலின் மேல்மூலையில் பாய்ந்தது.

புஷ்பம் சட்டென்று நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

“அம்மாடி, என்னா அடி அடிக்குது! ஜெயிச்சது இப்பத்தான் அவளுக்கே தெரியுது.”