பச்சைப் புள்ளி

முதலில் டிவியை வெளியேற்றினாள்.

ஈரோட்டு வீட்டுக் கூடத்தில் சுவரை அடைத்துக்கொண்டு தொங்கும் டிவி. இவள் தன் போனிலுள்ள கணக்கைப் போட்டுக் கொடுத்துத்தான் மாமியார் அதில் சீரியல் பார்த்தாள்.

'இந்தச் சாதனத்திலிருந்து வெளியேறவா?' என்று போன் கேட்டது.

கேட்கிறதைப் பார்! அதற்குத்தானே ஓசூர் பஸ் ஸ்டாண்டில் பையும் கையுமாக உட்கார்ந்திருக்கிறாள்.

அழுத்தினாள். டிவி போயிற்று.

அடுத்தது, 'பரணி டேப்'. கட்டியவனுடைய டேப்லெட். உனக்கொன்று எனக்கொன்று எதற்கு, ஒரே கணக்கு போதாதா என்று கல்யாணமான புதிதில் கொஞ்சிக்கொண்டே போட்டது. அப்போது அது பாசமாகத்தான் தெரிந்தது. அவளைச் சொல்லி என்ன, அந்த நேரத்தில் யாருக்கும் அப்படித்தான் தெரியும்.

அழுத்தினாள்.

இடது மணிக்கட்டு விண்ணென்றது. உள்ளே தகடு இருக்கிறது. அவன் முறுக்கிய கை. இன்னும் ஒரு துண்டைக்கூடப் பிழிய முடிவதில்லை.

நேற்றுக் காலை, இவள் தங்கியிருக்கும் ஹாஸ்டல் வாசலில் வந்து நின்றான். கையில் சாத்துக்குடிப் பை. முகத்தில் அந்தச் சிரிப்பு.

வார்டன் கதவைத் திறக்கவில்லை. நல்ல மனுஷி.

"நாளைக்கு அவ அம்மாவையே கூட்டிட்டு வர்றேன். அப்பத் திறப்பீங்கல்ல?" என்று சொல்லிவிட்டுப் போனான்.

ஊரை மாற்றினாள். வேலையை மாற்றினாள். சிம்மை மாற்றினாள். ஓசூரில் இருப்பது அம்மா ஒருத்திக்குத்தான் தெரியும். அம்மா உயிரே போனாலும் வாயைத் திறக்க மாட்டாள்.

பிறகு எப்படி மோப்பம் பிடித்தான்?

டிவியையும் டேப்பையும் இந்தக் கணக்கில் யாரும் திறந்தே மாதக்கணக்காகிறதாம். பட்டியலே சொன்னது.

மிச்சம் ஒன்றுதான் இருந்தது.

'அம்மா. இப்போது பயன்பாட்டில்.'

அந்தப் போனை வாங்கித் தந்தவள் இவள்தான். அம்மாவுக்குத் தனிக் கணக்கு எதற்கென்று தன்னுடையதையே போட்டாள். வரைபடத்தைத் திறந்து, இந்தப் பச்சைப் புள்ளி இருக்கிற இடத்தில்தான் என் போன் இருக்கும், நானும் இருப்பேன் என்று காட்டிக் கொடுத்தாள். அன்றிலிருந்து அம்மா அதைப் பார்க்காமல் படுத்ததில்லை. புள்ளி ஹாஸ்டலில் இருந்தால் மகள் பத்திரம்.

போன வாரம் அம்மா பேசியது இப்போதுதான் உறைத்தது.

"மாப்பிள்ளை வந்திருந்தாரு கண்ணு. என்ற போன்ல எடம் அடைச்சுக் கெடக்குதுன்னு எல்லாத்தையும் தொடச்சுக் குடுத்தாரு."

துடைத்தானாம். அடப்பாவி!

அம்மாமேலும் ஆத்திரம் பொங்கியது. மகளின் கையை முறித்தவன் என்று தெரிந்தும், அவன் வந்தால் காபி, பலகாரம். அவன் முன்னால் உட்காரவே மாட்டாள். சேலைத் தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டு கதவோரம் நிற்பாள். கேட்டால், வாசலுக்கு வந்த மாப்பிள்ளையை எப்படி வேண்டாம் என்பது என்பாள். அவன் போனைக் கேட்டிருப்பான். இரண்டு கையாலும் நீட்டியிருப்பாள்.

டிரைவர் ஏறி உட்கார்ந்தார். எந்த ஊர்ப் பஸ் என்று இங்கே சொல்வதாக இல்லை.

புள்ளியோடு ஏறினால் புள்ளியும் கூடவே வரும். அழுத்தியாக வேண்டும்.

அழுத்தினால், இன்றிரவு அம்மா தேடுவாள். புள்ளி இருக்காது. அந்தப் போனில் இவள் ஏற்றித் தந்த பெயர்களும் இந்தக் கணக்கோடு போய்விடும். தம்பி, பால்காரர், இவள் எல்லோரும் வெறும் எண்களாகிவிடுவார்கள்.

கண் கரித்தது.

அழுத்தினாள்.

ஜன்னலோரம் உட்கார்ந்ததும் அம்மாவை அழைத்தாள். அவன் வந்து கூப்பிடுவான், கிளம்பி வந்துவிடாதே என்று சொல்ல வேண்டும். புள்ளியைக் காணோமென்று பயப்படாதே என்றும் சொல்ல வேண்டும்.

"அம்மா, நான்தான்."

அந்தப் பக்கம் டம்ளர் வைக்கிற சத்தம். பிறகு ஒரு குரல். எங்கே கேட்டாலும் இவளுக்குத் தெரிந்துவிடும் குரல்.

"யாருங்க அத்தை போன்ல?"

முந்திக்கொண்டு வந்துவிட்டான்!

அம்மாவுக்குப் பொய் வராது. அதுவும் மாப்பிள்ளையிடம் வரவே வராது. இவள் போனைக் காதோடு அழுத்திப் பிடித்துக்கொண்டாள்.

"ராங் நம்பருங்க," என்றாள் அம்மா.

இவளிடம்தான் சொன்னாள். முன்பின் தெரியாத ஆளிடம் சொல்வதுபோலவே சொன்னாள்.

"நீங்க தேடறவங்க இங்க இல்லீங்க. இனிமே இந்த நம்பருக்குப் போடாதீங்க."

அவ்வளவுதான். ஆனால் வைக்கவில்லை. போனை எங்கோ கீழே வைத்ததுபோல் இருந்தது. மேசையாக இருக்கும்.

"கெளம்புங்க அத்தை, நேரமாச்சு. நீங்க கூப்பிட்டாத்தான் அவ வெளிய வருவா."

"நான் வரலைங்க மாப்பிள்ளை."

பஸ் நகர்ந்தது. இவள் மூச்சை அடக்கிக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தாள்.

"என்னங்க அத்தை இது?" அவன் குரல் ஏறியது.

நாற்காலியை இழுத்துப் போடும் சத்தம் கேட்டது. கால் ஆடுகிற அந்தப் பழைய பிளாஸ்டிக் நாற்காலி. கிறீச்சென்றது.

அம்மா உட்கார்ந்துவிட்டாள்.