குருவிக்குப் போட்ட ரொட்டி

"பறவைங்களுக்கு ரொட்டி போட்டீங்களா இல்லையா? அதை மட்டும் சொல்லுங்க மேபெல்."

கான்ஸ்டபிள் ஆஸ்ட்விக் வாசலில் நின்று கேட்டார். இங்கிலாந்தில் யுத்தம் தொடங்கி நாலாவது குளிர்காலம், எங்கும் உணவுத் தட்டுப்பாடு. மனிதர் சாப்பிடும் ரொட்டியைக் குருவிக்குப் போட்டால் கோர்ட், அபராதம், ஜெயில்கூட உண்டு.

எல்லாம் பக்கத்து வீட்டு ஹில்டாவின் வேலை. அந்த அம்மாளுக்கு ஜன்னல்தான் சினிமா. மேபெல் தினமும் ரொட்டியும் அவித்த உருளைக்கிழங்கும் வைத்த தட்டோடு தோட்டத்துக்குப் போகிறாள், காலித் தட்டோடு வருகிறாள் என்று ஸ்டேஷன் வரை போய் வத்தி வைத்துவிட்டாள்.

தரை உறைந்து கிடக்கிறது, ஒரு புழு பூச்சி கிடையாது, வேலியடியில் குருவிகள் விறைத்துச் சாகின்றன, அதைப் பார்த்துக்கொண்டு எப்படிச் சும்மா இருப்பது என்று மேபெல் கேட்டாள்.

"பாவம்தான். ஆனா அவிச்ச உருளைக்கிழங்குமா? எந்த ஊர்க் குருவிங்க அது?"

ஆஸ்ட்விக் சிரித்தார். வேறு ஏதாவது பதுக்கி வைத்திருக்கிறாளா பார்த்துவிடலாம் என்று தோட்டத்துக் கோடியில் இருந்த கரிக்கொட்டகைப் பக்கம் நடந்தார்.

மேபெல் பனியில் வழுக்கிக்கொண்டே ஓடி அவர் கையைப் பிடித்தாள்.

"போட்டேன் ஐயா. சட்டம் தெரிஞ்சேதான் போட்டேன். ரொட்டி, கிழங்கு எல்லாம் போட்டேன். கேஸ் போட்டுக்கோங்க, ஜெயிலுக்கு வேணாலும் வரேன்."

சொல்லிவிட்டுத் தேம்பித் தேம்பி அழுதாள். மனிதர் ஆடிப்போய்விட்டார். நாலு ரொட்டித் துண்டுக்கு இப்படியா ஒருத்தி அழுவாள்?

"உங்க பையன் எட்வின் அங்க உயிரைப் பணயம் வெச்சு சண்டை போடறான். நான் இங்க அவன் அம்மாவைக் கோர்ட்டுல நிறுத்தறதா? போங்க, இனிமே செய்யாதீங்க."

அவர் சைக்கிள் தெருமுனை திரும்பியது. ஹில்டா கடை வரிசையில் நிற்கக் கிளம்பும்வரை காத்திருந்து, மேபெல் தட்டை எடுத்துக்கொண்டு தோட்டத்துக்குள் போனாள்.

எலும்பும் தோலுமாக ஒரு குருவி வந்து தட்டின் விளிம்பில் உட்கார்ந்து ரொட்டியைக் கொத்தியது.

"சூ, போ!" என்று அதை விரட்டிவிட்டு, கரிக்கொட்டகைக் கதவைத் திறந்தாள்.

"பயப்படாதே எட்வின். போலீஸ் உன்னைத் தேடி வரலைடா, குருவிக்காகத்தான் வந்தாங்க. சாப்பிடு."