ஏற்கெனவே அழுது முடித்த கல்யாணம்

கோயிலில் பன்னிரண்டு பேரோடு தாலி கட்டிக்கொள்வதா, வீட்டில் சொல்லாமல் போய்ப் பதிவு செய்துகொண்டு பிறகு ஒரு வரவேற்பு வைப்பதா என்று தமயந்திக்கும் ரஞ்சனுக்கும் மூன்று மாதமாக முடிவாகவில்லை. ரஞ்சனைப் பற்றிச் சொன்ன நாளிலிருந்து இரண்டு வருடமாக அப்பா அவளோடு பேசவில்லை. கடைசியில் இருவரும், நடக்கப்போவதை முன்கூட்டியே வாழ்ந்து பார்க்க வைக்கும் ஒத்திகை நிலையத்துக்குப் போய், அரை மணி நேரத்தில் இரண்டு கல்யாணத்தையும் வாழ்ந்து பார்த்துவிட்டு வந்தார்கள்.

சொல்லாமல் செய்த கல்யாணத்தில், வரவேற்புக்கு அப்பா வரவே இல்லை. கோயில் கல்யாணத்துக்கு வந்தார். தாரை வார்க்கும்போது, "நல்லா இரும்மா" என்றார். தமயந்தி "சரிப்பா" என்று சொல்லித் தேம்பித் தேம்பி அழுதாள்.

"அப்ப கோயில்லயே வெச்சுக்குவோம்" என்றான் ரஞ்சன்.

ஆவணியில் நிஜமாகவே நடந்தது. அதே பன்னிரண்டு பேர், அதே மேளம். கழுத்து மாலையிலிருந்து எப்போது பூ உதிரும் என்பதுகூடத் தமயந்திக்குத் தெரிந்திருந்தது. அழுகைதான் வரவில்லை.

அப்பா சொம்பைச் சாய்த்தார்.

"இத்தனை நாளு பேசாம இருந்துட்டேன். அப்பாவ மன்னிச்சிரும்மா."

மேளச் சத்தத்தில் அவர் உதடு அசைந்ததை மட்டும் பார்த்து, ஒத்திகையில் சொன்னது போலவே "சரிப்பா" என்றாள்.

அவர் சற்று நேரம் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு காலிச் சொம்போடு நகர்ந்து போனார்.

மேளச் சத்தம் அடங்கியதும் ரஞ்சன் குனிந்து கேட்டான்: "மாமா என்ன சொன்னாரு?"

"நல்லா இருக்கச் சொன்னாரு."