ஆற்றின் குறுக்கே படுத்த வண்டல்

மலை உச்சியில் வெயிலும் மழையும் மாறி மாறி அடித்து ஒரு பாறையை உடைத்துப்போட்டன. அந்தத் துண்டுகளையும் தூளையும் சுமந்துகொண்டு ஆறு புறப்பட்டது. கடலைச் சேர்ந்ததும் படுத்துவிட வேண்டும். ஆற்றுக்கு வேறு ஆசை இல்லை.

அடிவாரத்தில் ஓட்டம் தளர்ந்தது. உருண்டு உருண்டு வழவழப்பாகிவிட்ட கூழாங்கல், "இனி என்னால் முடியாது. இறக்கிவிடு," என்றது.

"சுமந்தவள் நான். முடியாமல் போனது உனக்கா?" என்று கேட்டுக்கொண்டே ஆறு அதை இறக்கியது.

சமவெளியில் ஆறு இன்னும் மெல்ல நடந்தது. மணலும் இறங்கிவிட்டது, போய் வருகிறேன் என்றுகூடச் சொல்லவில்லை. வண்டல் மட்டும் ஒட்டிக்கொண்டது. "நான் என்ன கனமா அக்கா? தூசி மாதிரி இருக்கிறேன். கடல்வரை கூட்டிப் போ."

ஒருவழியாகக் கடல் கண்ணில் பட்டது. களைத்துப்போன ஆறு அங்கே சற்றுத் தயங்கியது. அந்த நேரம் பார்த்து வண்டல் நழுவி இறங்கியது. முன்பு வந்த வண்டலெல்லாம் அங்கேதான் குவிந்து கிடந்தது. இதுவும் அதன்மேல் நீட்டிப் படுத்ததும் வழி அடைபட்டது.

"தம்பி, கொஞ்சம் நகர்ந்து படு. நான் கடலுக்குப் போக வேண்டும்."

"எவ்வளவு தூரம் வந்திருக்கிறேன் அக்கா! அசையவே முடியவில்லை. நீ நடந்து பழகியவள்தானே, சுற்றிப் போயேன்."

வாதாட ஆற்றிடம் தெம்பு இல்லை. அது இரண்டாகப் பிரிந்து, தூங்கத் தொடங்கிவிட்ட வண்டலை எழுப்பாமல், இரு பக்கமும் சுற்றி நடந்தது.