ஒரு நாளுக்கு ஒரு வரி

பிளாஸ்க் மூடியில் காப்பி ஊற்றி என் கணவர் எண்டெல் என் பக்கம் நீட்டினார். நான் வாங்கவில்லை.

"என்னடி, ஆட்டுக் கத்தரிக்கோல் கதைக்கா இவ்வளவு கோவம்? உன் அண்ணனே விழுந்து விழுந்து சிரிச்சாரே."

முந்தின நாள் அக்கரை நகரமான ஹாப்சலுவில் என் அண்ணனின் பிறந்தநாள் விருந்து. ஆட்டு ரோமம் வெட்டும் கத்தரிக்கோலால்தான் என் தலைமுடியை நானே வெட்டிக்கொள்கிறேன் என்று எண்டெல் பதினாறு பேருக்கு நடுவில் சொல்லிவிட்டார். அது உண்மை. அதனால்தான் கோபம்.

காரில் எங்கள் தீவுக்குத் திரும்பிக்கொண்டிருந்தோம். உறைந்த கடலின் மேல் போடும் பாதை அந்த வருடம் பிப்ரவரியில்தான் திறந்தது. கரையில் காவலர் கார்களை இடைவெளி விட்டு ஒவ்வொன்றாக அனுப்பிக்கொண்டிருந்தார்.

பனிப்பாதையில் ஏறும் முன் சீட் பெல்ட்டைக் கழற்றிவிட வேண்டும். பனி உடைந்தால் வெளியே பாய்வதற்கு. பலகையிலும் எழுதியிருக்கிறது. ஆனால் எங்கள் தீவில் பலகையை யார் படிக்கிறார்கள்? தரையில் கட்டிக்கொண்டே ஓட்டி வந்தவருக்கு மறந்துபோகும். பக்கத்தில் இருப்பவர்தான் "பெல்ட்" என்று சொல்ல வேண்டும். அதுதான் வழக்கம்.

நான் என்னுடையதைக் கழற்றினேன்.

அவருடையது பூட்டியிருந்ததைப் பார்த்தேன்.

வீடு போய்ச் சேரும்வரை ஒரு வார்த்தைகூடப் பேசுவதில்லை என்று முடிவு செய்திருந்தேன். பேசவில்லை.

மூன்றாவது கிலோமீட்டரில் பனி வாயைத் திறந்தது. நான் மட்டும் வெளியே வந்தேன்.

மருத்துவமனையில் எண்டெலின் அக்கா ஹில்யா என் கட்டிலருகே நின்றிருந்தார். அவரிடம் மறைக்க முடியவில்லை.

"பாத்தேன் அண்ணி. சொல்லல."

அவர் திரும்பி வாசலை நோக்கி நடந்தார்.

நான்காம் நாள் காலை வீட்டுக்கு வந்தேன். கோட்டைக்கூடக் கழற்றாமல் தட்டச்சுப்பொறியின் முன் உட்கார்ந்தேன்.

நான் வேலை பார்க்கும் நூலகம் வேண்டாமென்று கழித்த பொறி அது. முடிந்துபோன ஒரு நாளைப் பற்றி அதில் ஒரு வரி அடித்தால், அந்த நாள் அப்படியே நடந்ததாகிவிடும். ஒரு நாளுக்கு ஒரு வரிதான். இரண்டாவது வரிக்கு எழுத்துகள் எழும்பும். காகிதத்தில் ஒன்றும் விழாது. பழைய நாள் வேறு யாருக்கும் நினைவிருக்காது. அடித்தவருக்கு மட்டும் இருக்கும்.

தற்செயலாகக் கண்டுபிடித்தேன். கைதவறி உடைந்த ஜாம் ஜாடி உடையவே இல்லை என்று ஒருநாள் விளையாட்டாக அடித்தேன். அலமாரியில் ஜாடி முழுசாக நின்றது. ஜாம் தரையில்தான் கிடந்தது.

எண்டெலிடம் சொன்னேன். "அப்ப என் வழுக்கையையும் கொஞ்சம் அடிச்சு சரி பண்ணேன்" என்றார்.

எழுதியதை மட்டும் மாற்றும். எழுதாததைத் தொடாது. இது எனக்கு நன்றாகத் தெரிந்திருந்தது. அதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

அன்று நாங்கள் அண்ணன் வீட்டிலேயே தங்கிவிட்டோம் என்று அடித்திருக்கலாம். எண்டெல் பெல்ட்டைக் கழற்றினார் என்று அடித்திருக்கலாம். எண்டெல் வீடு வந்து சேர்ந்தார் என்று அடித்திருந்தாலே போதும். மூன்று நாள் மருத்துவமனைக் கூரையைப் பார்த்தபடி இந்த வரிகளைத்தான் மாற்றி மாற்றி யோசித்து வைத்திருந்தேன்.

குளிரில் புண்ணான விரல்களில் கட்டு இருந்தது. ஒற்றை விரலால் அடித்தேன்.

'பனிப்பாதையில் ஏறும் முன் நான் எண்டெலிடம் பெல்ட் என்று சொன்னேன்.'

முற்றுப்புள்ளி வைத்த பிறகுதான் படித்துப் பார்த்தேன்.

அடிக்கும்போது என் கண் முன்னால் இருந்தது எண்டெலின் முகம் இல்லை. ஹில்யாவின் முதுகு.

அடுத்த வரியை அடித்தேன். அதற்கடுத்ததையும் அடித்தேன். கட்டு அவிழ்ந்து தொங்கும்வரை அடித்தேன். அந்த ஒரு வரிக்குக் கீழே காகிதம் வெள்ளையாகவே இருந்தது.

கதவு தட்டும் சத்தம் கேட்டது. ஓடிப்போய்த் திறந்தேன்.

ஹில்யா. துணியில் சுற்றிய கறுப்பு ரொட்டியோடு நின்றிருந்தார். அதைக் கீழே வைக்கக்கூடத் தோன்றாமல் என்னை இழுத்து அணைத்துக்கொண்டார்.

"நீ சொல்லியும் கேக்கலியே அந்தப் பாவி. அவன் வீம்புக்கு நீ என்னம்மா பண்ணுவ?"

நான் அவர் தோளில் முகத்தைப் புதைத்து அழுதேன். இல்லை என்று சொல்லவில்லை. அந்த நேரத்தில் எனக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்தது என்பதையும் எழுதிவிடுகிறேன்.

அடக்கத்தின்போது போதகர், அன்புள்ளவர்களின் சொல்லைத் தட்டக்கூடாது என்று மெல்லிய குரலில் சொன்னார். எல்லோரும் என்னைப் பார்த்துத் தலையசைத்தார்கள்.

அது நடந்து ஆறு குளிர்காலம் ஆகிறது. இப்போது கரையில் யாரும் "பெல்ட்" என்று சொல்வதில்லை. "டேய், எண்டெல் மாதிரி பண்ணாத" என்கிறார்கள். பின்சீட்டில் யாராவது சிரிப்பார்கள். பெல்ட்டுகள் கழன்று விழும் சத்தம் கேட்கும்.

இருபத்தாறு வருடங்களில், நான் சொல்லி அவர் கழற்றாமல் இருந்தது ஒருமுறைகூட இல்லை.